மெட்டை மறவாத நாடு

திரைப்படப் பாட்டுக்கு ஒரு தனி இயல்பு உண்டு. அதை எழுதியவர் யார், மெட்டமைத்தவர் யார் என்று விசாரிக்காமலே மக்கள் அதைத் தமதாக்கிக்கொள்கின்றனர். கடைத்தெருவில் நடப்பவன் அதைச் சீழ்க்கையடிக்கிறான். வீட்டில் பாத்திரம் துலக்குபவள் அதை முணுமுணுக்கிறாள். சில ஆண்டுகள் சென்றதும் அது பாட்டனார் காலத்திலிருந்தே வழங்கிவருவது போலத் தோன்றிவிடுகிறது. இசையமைப்பவனுக்கு இதைவிடப் பெரிய பேறு இல்லை என்பர். ஆனால் ஒரு நாடு ஒருவனுடைய பாட்டைத் தன்னுடையது என்று வைத்துக்கொண்டு, பாட்டுக்கு உரியவனை மட்டும் அயலான் என்று வெளியேற்றுமானால், அந்தப் பேற்றுக்கு என்ன பொருள்? சென்ற நூற்றாண்டின் சரித்திரம் இக்கேள்வியைப் பல கலைஞர்களின் வாழ்க்கையைக் கொண்டு கேட்டிருக்கிறது. அவர்களுள் ஒருவரான வெர்னர் ரிச்சர்டு ஹைமான் என்னும் ஜெர்மன் திரையிசை அமைப்பாளரின் வரலாற்றை இங்கே காண்போம்.

ஹைமான் 1896-ஆம் ஆண்டு பிப்ரவரி 14-ஆம் நாள், கிழக்குப் பிரஷ்யாவின் தலைநகராக விளங்கிய கெனிக்ஸ்பர்க்கில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தார். தத்துவ ஞானி இம்மானுவேல் காண்ட் பிறந்து, வாழ்ந்து, மறைந்த நகரம் அது. ஹைமானின் தந்தையார் தானிய வணிகர். சிறு வயதிலேயே பிள்ளைக்கு இசைப் பயிற்சி தொடங்கியது. தமையனார் வால்டர் ஹைமான் ஜெர்மன் மொழியில் கவிதை இயற்றியவர். முதல் உலகப் போர் மூண்டபோது அவர் ஜெர்மன் படைவீரராகச் சென்று, 1915-ஆம் ஆண்டு ஜனவரியில் பிரெஞ்சுப் போர்முனையில் உயிர் நீத்தார். ஜெர்மன் மொழிக்குக் கவிதையும் ஜெர்மன் நாட்டுக்கு உயிரும் கொடுத்த குடும்பம் இது என்பதை நாம் நினைவில் இருத்திக்கொள்ள வேண்டும். பின்னால் நடந்தவற்றின் கனம் அப்போதுதான் விளங்கும்.

இளைஞர் ஹைமான் பெர்லின் நகரம் சென்று பால் யூவோன் என்னும் ஆசிரியரிடம் இசையமைப்புக் கலையைப் பயின்றார். அவர் இயற்றிய சிம்பொனி ஒன்றை வியன்னாவின் புகழ்பெற்ற பில்ஹார்மோனிக் இசைக்குழுவே அரங்கேற்றியது. அந்த வழியிலேயே சென்றிருந்தால் அவர் கச்சேரி மண்டபங்களின் இசைவாணராகவே வாழ்ந்திருப்பார். ஆனால் போரில் தோற்ற ஜெர்மனியில் காலம் வேறு விதமாகத் திரும்பியது. மன்னராட்சி வீழ்ந்தது, குடியரசு பிறந்தது, பணத்தின் மதிப்பு நாளுக்கு நாள் கரைந்தது. பெர்லினில் நிலவறைகளிலும் சிற்றரங்குகளிலும் அரசியல் நையாண்டிப் பாட்டுகளைப் பாடும் கபரே என்னும் கலைநிகழ்ச்சி தழைத்தது. மாபெரும் நாடக இயக்குநரான மாக்ஸ் ரைன்ஹார்ட் நடத்திய கபரே அரங்குக்கு ஹைமான் இசையமைத்தார். துரூடே ஹெஸ்டர்பெர்க் என்னும் நடிகையார் நடத்திய அரங்குக்கும் மெட்டமைத்தார். மூன்று நிமிடத்துக்குள் ஒரு கதையைச் சொல்லிவிடும் பாட்டை அமைக்கும் வித்தை அவருக்கு இங்கேதான் கைவந்தது. சிம்பொனியில் கற்ற இலக்கணமும் கபரேயில் கற்ற சுருக்கமும் ஒன்றுசேர்ந்ததே பின்னர் அவரது திரையிசையாக வடிவெடுத்தது.

1920-களில் திரைப்படம் பேசவில்லை; ஆயினும் அது மௌனமாகவும் இல்லை. பெர்லினின் பெரிய படக் கொட்டகைகளில் திரைக்கு முன்னே முழு இசைக்குழு ஒன்று அமர்ந்திருக்கும். திரையில் புயல் எழும்போது வயலின்கள் சீறும். காதலர் சந்திக்கும்போது குழலும் வீணையை ஒத்த ஹார்ப்பும் இழையும். ஒவ்வொரு படத்துக்கும் எந்த இடத்தில் எந்த இசை வரவேண்டும் என்று தொகுத்தும் இயற்றியும் தரத் தேர்ந்த ஒருவர் தேவை. 1917-இல் தோன்றிய ஊஃபா என்னும் மாபெரும் படக் கம்பெனி இந்தப் பணியை ஹைமானிடம் ஒப்படைத்தது. எரிக் பொம்மர் என்னும் தயாரிப்பாளர் அவரது திறமையை உணர்ந்து ஆதரித்தார். 1926-இல் வெளிவந்த முர்னாவின் ‘ஃபவுஸ்ட்’ படத்துக்கும், 1928-இல் வெளிவந்த ஃபிரிட்ஸ் லாங்கின் ‘ஒற்றர்கள்’ படத்துக்கும் ஹைமான் இசை அமைத்தார். ஊஃபாவின் இசைத்துறைத் தலைமையும் அவரை வந்தடைந்தது.

பிறகு பேசும் படம் வந்தது. அதன் வருகை சிலருக்கு வாழ்வாயிற்று, பலருக்குத் தாழ்வாயிற்று. படக் கொட்டகைகளில் வாசித்துப் பிழைத்த ஆயிரக்கணக்கான இசைக்கலைஞர்கள் வேலை இழந்தனர். இசை இனிப் படச்சுருளிலேயே பதிந்துவரும்; ஊர் ஊராக வாத்தியக்காரர் தேவையில்லை. அந்த மாறுதலின் நடுவே, பேசும் படத்தில் பாட்டுக்கு என்ன இடம் என்ற கேள்வி எழுந்தது. நாடகமேடையில் பாடுவதுபோல ஓர் ஓரத்தில் நின்று பாடுவதா, கதையோடு கதையாகப் பாடுவதா? ஹைமான் இரண்டாம் வழியைத் தேர்ந்தார். பேச்சு சிறிது சிறிதாகத் தாளத்தில் விழ வேண்டும். தாளம் மெட்டாக வேண்டும். மெட்டு நடையை ஆட்டமாக்க வேண்டும். பார்ப்பவருக்கு எங்கே பேச்சு முடிந்து எங்கே பாட்டு தொடங்கியது என்றே தெரியக் கூடாது. இதுவே அவரது நெறி.

அந்நெறி முழுமையாக வெற்றிபெற்ற படம் 1930-ஆம் ஆண்டு செப்டம்பரில் வெளிவந்த ‘பெட்ரோல் நிலையத்தின் மூவர்’. வில்ஹெல்ம் தீலெ இயக்கியது. மூன்று நண்பர்கள் உல்லாசப் பயணம் முடிந்து வீடு திரும்புகின்றனர். வீட்டிலோ ஜப்தி! அமீனா வந்து மேசை நாற்காலி யாவற்றுக்கும் முத்திரை வைத்துவிட்டான். கையிலிருந்த செல்வம் முழுவதும் போயிற்று. மூவரும் அழுதுகொண்டிருக்கவில்லை, எஞ்சியிருந்த மோட்டார் வண்டியை விற்றுச் சாலையோரத்தில் பெட்ரோல் நிலையம் ஒன்றை வைக்கின்றனர். அங்கே வண்டியோட்டி வரும் ஒரே பெண்ணிடம் மூவரும், ஒருவருக்கொருவர் தெரியாமல், மனத்தைப் பறிகொடுக்கின்றனர். கதை இவ்வளவுதான். ஆனால் படம் வந்த காலத்தை எண்ணிப் பார்க்க வேண்டும். 1929-இல் நியூயார்க்கில் தொடங்கிய பொருளாதார வீழ்ச்சி ஜெர்மனியைத் தாக்கி, இலட்சக்கணக்கானோர் வேலையின்றித் தெருவில் நின்ற நேரம் அது. ஜப்தியும் கடனும் கொட்டகையில் அமர்ந்திருந்தோர் வீட்டுச் செய்திகள். அவற்றைப் பாட்டாக்கி ஆட வைத்தார் ஹைமான். நட்பைப் போற்றும் பாட்டு ஒன்று அப்படத்திலிருந்து நாடெங்கும் பரவியது. கதாநாயகியாக நடித்த லிலியன் ஹார்விக்கும் நாயகனான வில்லி ஃபிரிட்ஸுக்கும் பெரும் புகழ் கிடைத்தது. அந்தப் பருவத்தின் தலைசிறந்த வெற்றிப்படம் என்ற பெயரையும் அது பெற்றது.

அக்காலத்தில் ஒரு மொழிப் படத்துக்கு வேறொரு மொழியில் குரல் சேர்க்கும் வழக்கம் நிலைபெறவில்லை. ஒரே அரங்கமைப்பில், ஒரே மெட்டில், நடிகரை மாற்றி ஜெர்மன் மொழியில் ஒரு முறையும் பிரெஞ்சு மொழியில் ஒரு முறையும் எடுப்பர். ‘பெட்ரோல் நிலையத்தின் மூவர்’ இவ்வாறு பிரெஞ்சிலும் எடுக்கப்பட்டது. ஹென்ரி காரா அதில் நாயகனாக நடித்தார். நட்புப் பாட்டு பிரான்ஸ் நாட்டிலும் வீட்டுக்கு வீடு நுழைந்தது. சொல் மாறினாலும் மெட்டு எல்லையைக் கடந்துவிடும் என்பதற்கு இது முதற்சான்று. மெட்டுக்கு அனுமதிச் சீட்டு வேண்டியதில்லை. மெட்டமைத்தவருக்கோ அது வேண்டியிருந்தது என்பதைப் பின்னர்க் காண்போம்.

அடுத்த ஆண்டில் ‘காங்கிரஸ் ஆடுகிறது’ வந்தது. நம் நாட்டில் காங்கிரஸ் என்றால் வேறு நினைவு வரும். இங்கே குறிக்கப்படுவது நெப்போலியனின் வீழ்ச்சிக்குப் பின் 1814-15-இல் ஐரோப்பிய மன்னர்களும் அமைச்சர்களும் வியன்னாவில் கூடிய மாநாடு. தயாரித்தவர் பொம்மர், இயக்கியவர் எரிக் சாரெல், பாட்டெழுதியவர் ராபர்ட் கில்பெர்ட். வியன்னாவில் கையுறை விற்கும் ஏழைப்பெண் ஒருத்திமீது ரஷ்யச் சக்கரவர்த்தி அலெக்சாந்தரின் பார்வை விழுகிறது. அவளுக்கென ஒரு மாளிகையை ஏற்பாடு செய்து, அழைத்துவர ஒரு திறந்த சாரட்டு வண்டியையும் அனுப்புகிறான். அவள் வண்டியில் ஏறுகிறாள். கடைத்தெருவைக் கடந்து, துணி துவைக்கும் பெண்களைக் கடந்து, ஊர் எல்லையைக் கடந்து வண்டி செல்கிறது. வழி நெடுக அவள் பாடிக்கொண்டே செல்கிறாள்; வழியில் நிற்போர் யாவரும் அப்பாட்டைக் கையேற்றுப் பாடுகின்றனர். கேமராவும் வண்டியோடு ஓடுகிறது. பேசும் படம் பிறந்த புதிதில், ஒலிக்கருவிகளின் பளு காரணமாகக் கேமரா ஓரிடத்தில் கட்டுண்டு கிடந்த காலத்தில், இக்காட்சி ஒரு விடுதலையாகவே தோன்றியது.

அந்தப் பாட்டின் ஜெர்மன் தலைப்பு ‘தாஸ் கிப்ட்ஸ் நூர் ஐன்மால்’. இத்தகைய இன்பம் வாழ்வில் ஒரே முறைதான் வரும், திரும்ப வராது என்பது அதன் கருத்து. கையுறைக்காரி தன் நிலையை அறிந்தவள். சாரட்டு வண்டி நிலைக்காது என்று தெரிந்தே மகிழ்கிறாள். ஹைமானின் மெட்டும் அவ்வாறே துள்ளிச் செல்லும்போதும் உள்ளே ஒரு சிறு துயரைச் சுமந்து செல்கிறது. படத்தின் முடிவில் நெப்போலியன் எல்பாத் தீவிலிருந்து தப்பிய செய்தி வருகிறது, மாநாடு கலைகிறது, சக்கரவர்த்தி விடைபெறுகிறான், பெண் தனியே நிற்கிறாள். 1931-ஆம் ஆண்டு அக்டோபரில் பெர்லின் மக்கள் இதைக் கண்டு களித்தபோது, தம் நாட்டின் களிப்பும் இன்னும் ஒன்றரை ஆண்டில் கலையப்போகிறது என்று அறியவில்லை.

1932-இல் ‘பொன்னிறக் கனவு’ என்ற படம். கதையை எழுதியவர்கள் வால்டர் ரைஷும், பின்னாளில் உலகப் புகழ் பெற்ற பில்லி வைல்டரும். சன்னல் துடைக்கும் இரண்டு தொழிலாளரையும், ஹாலிவுட் செல்லத் துடிக்கும் ஓர் ஏழைப்பெண்ணையும் பற்றிய கதை அது. உலகில் எங்கோ ஓர் இடத்தில் தனக்கும் சிறிதளவு இன்பம் இருக்கும் என்று நம்பி அவள் ஒரு பாட்டுப் பாடுகிறாள். அதன் சொற்களை அமைப்பதில் ஹைமானுக்கும் பங்கு உண்டு. அவள் கனவில் ஹாலிவுட் செல்கிறாள். அங்கே தோல்வியே காண்கிறாள். விழித்ததும் பெர்லினே போதும் என்று மனம் தேறுகிறாள். கதை எழுதிய இருவருக்கும் இசையமைத்தவருக்கும் அந்தத் தேறுதல் கிட்டவில்லை. மூவரும் ஹாலிவுட்டுக்கே போகவேண்டியவராயினர். அதுவும் விரும்பிப் போகவில்லை.

1933-ஆம் ஆண்டு ஜனவரி 30-ஆம் நாள் ஹிட்லர் ஜெர்மனியின் பிரதமரானான். மார்ச்சு 28-இல் அவனுடைய பிரசார அமைச்சன் கோயபெல்ஸ் திரைப்படத் துறையினரைக் கூட்டித் தன் கொள்கையை அறிவித்தான். மறுநாளே, மார்ச்சு 29-இல், ஊஃபாவின் நிர்வாகக்குழு கூடியது. யூதக் கலைஞர்களின் ஒப்பந்தங்களை முடித்துவிடுவது என்று தீர்மானித்தது. இன்னும் சட்டம் எதுவும் வரவில்லை. கட்டளை எதுவும் கையில் இல்லை. காற்று வீசும் திசையைக் கண்டே கம்பெனி வளைந்தது. ஊஃபாவை உலகறியச் செய்த பொம்மரின் ஒப்பந்தம் போயிற்று. சாரெலின் ஒப்பந்தம் போயிற்று. ஹைமானுக்கும் அங்கே இடமில்லாமற் போயிற்று. அந்த வசந்த காலத்திலேயே அவர் பாரிஸ் நகரம் சேர்ந்தார். அப்போது அவருக்கு வயது 37. போரில் தமையனைப் பலிகொடுத்த குடும்பம் என்ற எண்ணம் எவர் மனத்தையும் தடுக்கவில்லை.

இரண்டே படங்களின் நடிகர் பட்டியலை எடுத்துப் பார்த்தால் அந்நாடு எதை இழந்தது என்று விளங்கும். ‘பெட்ரோல் நிலையத்தின் மூவ’ரை இயக்கிய தீலெ நாடு கடந்தார், மூவருள் ஒருவராக நடித்த ஆஸ்கார் கார்ல்வைஸ் நாடு கடந்தார். அப்படத்தில் பாடிய ‘காமெடியன் ஹார்மனிஸ்ட்ஸ்’ என்னும் பாடகர் குழுவில் யூதரும் பிறரும் கலந்திருந்தமையால், 1935-இல் அக்குழு பிரிக்கப்பட்டது. ‘காங்கிரஸ் ஆடுகிறது’ படத்தில் மெட்டர்னிக்காக நடித்த கன்ராட் வைட் இங்கிலாந்து சென்றார். பாட்டெழுதிய கில்பெர்ட் வெளியேறினார். தப்ப இயலாதவரும் இருந்தனர். முதற்படத்தில் வழக்கறிஞராக வந்து சிரிக்க வைத்த குர்ட் கெரோனும், இரண்டாம் படத்தில் சக்கரவர்த்தியின் அதிகாரியாக வந்து சிரிக்க வைத்த ஆட்டோ வால்பர்க்கும் 1944-ஆம் ஆண்டு அக்டோபரில் ஆஷ்விட்ஸ் வதைமுகாமில் கொல்லப்பட்டனர். ஹைமானின் மெட்டுக்கு இசைய ஒரே அரங்கில் ஆடிப்பாடியவர்களின் கதி இது.

1937-இல் இவ்விரு படங்களும் ஜெர்மனியில் தடைசெய்யப்பட்டன. படச்சுருளைப் பூட்டி வைக்கலாம்; விளம்பரத்திலிருந்து பெயரை அழிக்கலாம். மக்கள் நாவில் ஏறிய மெட்டை எந்தக் காவலன் பறிமுதல் செய்வான்? அது தொடர்ந்து வழங்கியது. யாருடைய மெட்டு என்று கேட்க ஆளில்லை. காலியான நாற்காலிகளில் வேறு சிலர் அமர்ந்தனர். ஃபிரான்ஸ் குரோத்தெ 1933-ஆம் ஆண்டு மே மாதத்திலேயே நாஜிக் கட்சியில் சேர்ந்து, திரையிசையில் உயர்ந்தார். மைக்கேல் யாரி 1942-இல் வந்த ‘பெருங்காதல்’ படத்துக்கு அமைத்த பாட்டுகள் போர்க்கால ஜெர்மனியில் பெரும் புகழ் பெற்றன. அவர்களிடம் திறமை இல்லை என்று நாம் சொல்லவில்லை. திறமை இருந்தது, போட்டியிட வேண்டியவர்கள் துரத்தப்பட்டிருந்தனர் என்பதே சொல்லவேண்டியது.

இங்கே நம் வானொலியோடு தொடர்புடைய ஒரு செய்தியையும் குறிப்பிட வேண்டும். ஜெர்மன் மொழி வழங்கிய நாடுகளிலிருந்து வெளியேறிய இசைவாணர் யாவரும் மேற்கே செல்லவில்லை. பொஹீமியாவின் கார்ல்ஸ்பாட் நகரில் 1907-இல் பிறந்து பெர்லினிலும் பிராகிலும் பயின்ற வால்டர் காஃப்மன் என்னும் யூத இசையறிஞர் 1934-இல் பம்பாய் வந்து சேர்ந்தார். பம்பாயில் படங்களுக்கும் இசையமைத்தார். அகில இந்திய வானொலியின் பம்பாய் நிலையத்தில் மேலைநாட்டு இசைப்பிரிவின் பொறுப்பை ஏற்று 1946 வரை பணிபுரிந்தார். நிலையம் ஒலிபரப்பைத் தொடங்கும்போது தம்பூரின் சுருதிமேல் வயலினில் எழும் அடையாள இசையை, சிவரஞ்சனி ராகச் சாயலில் அமைத்தவர் அவரே என்று கருதப்படுகிறது. தில்லியிலோ, கல்கத்தாவிலோ, நாகபுரியிலோ வசிக்கும் தமிழர் எத்தனையோ காலைப்பொழுதுகளில் அதைக் கேட்டு எழுந்திருப்பர். அமைத்தவர் பெயரை அறிந்தோர் சிலரே. பிற்காலத்தில் அவர் அமெரிக்காவில் பேராசிரியராக இருந்து வடநாட்டு ராகங்களைப் பற்றியும் தென்னாட்டு ராகங்களைப் பற்றியும் பெருநூல்கள் இயற்றினார். ஒரு நாடு உதறிய செல்வம் இன்னொரு நாட்டின் வாசலில் வந்து விழுந்தது.

ஹைமானின் பயணத்துக்குத் திரும்புவோம். பாரிஸில் அவர் மேடை இசைநாடகங்களுக்கு மெட்டமைத்தார். 1934-இல் சாரெல் ஹாலிவுட்டில் எடுத்த ‘காரவான்’ படத்துக்கு இசையமைத்தார். படம் வெற்றிபெறவில்லை, ஹைமான் மீண்டும் ஐரோப்பாவுக்கு வந்தார். அங்கும் நிலைத்த வாழ்வு அமையவில்லை. சில ஆண்டுகளில் மறுபடியும் அட்லாண்டிக் கடலைக் கடந்தார். இம்முறை அவருக்குத் துணையாக நின்றவர், 1920-களின் தொடக்கத்திலேயே பெர்லினிலிருந்து அமெரிக்கா சென்று பெயர்பெற்றுவிட்ட இயக்குநர் எர்ன்ஸ்ட் லூபிச்.

1939-இல் லூபிச் இயக்கத்தில் ‘நினோச்கா’ வந்தது. கதையுரையாடலை எழுதிய மூவரில் இருவர் ரைஷும் வைல்டரும். ‘பொன்னிறக் கனவு’ கண்ட மூவர் ஏழாண்டுக்குப் பின், வேற்று மொழியில், வேற்று மண்ணில், மறுபடி ஒன்றுசேர்ந்தனர். அதற்கடுத்த ஆண்டில் ‘மூலைக்கடை’ என்று நாம் அழைக்கத்தக்க படம் வந்தது; பூடாபெஸ்ட் நகரக் கடையொன்றில் வேலைசெய்யும் இருவரின் கதை. 1942-இல் வந்த ‘இருப்பதா, இறப்பதா’ என்ற படத்தில் போலந்து நாட்டு நாடக நடிகர் குழு ஒன்று ஹிட்லர் வேடத்தையே ஆயுதமாக்கி நாஜிகளை ஏமாற்றுகிறது. ஹிட்லரால் வெளியேற்றப்பட்டவர் ஹிட்லரை எள்ளி நகையாடும் படத்துக்கு இசையமைத்தார். அந்தப் படத்துக்காகவும் வேறு மூன்று படங்களுக்காகவும், 1940-க்கும் 1944-க்கும் இடைப்பட்ட ஆண்டுகளின் படங்களுக்கென, நான்கு முறை அவர் பெயர் ஆஸ்கார் பரிசுக்கு முன்மொழியப்பட்டது. பரிசு ஒரு முறையும் கிட்டவில்லை.

ஹாலிவுட்டில் அவருக்கு வேலையும் ஊதியமும் இருந்தன. ஆனால் வேலையின் தன்மையே மாறிவிட்டது. பெர்லினில் அவர் பாட்டு அமைத்தார். ஹாலிவுட்டில் பெரும்பாலும் பின்னணி இசை அமைத்தார். பின்னணி இசை உரையாடலுக்கு அடியில் ஓட வேண்டும். நடிகரின் சொல்லை மறைக்கக் கூடாது. நல்ல வேலைக்காரனைப்போல வந்ததும் போனதும் தெரியாமல் இருக்க வேண்டும். ஹைமான் அதையும் நயமாகவே செய்தார். ஆயினும் படம் பார்த்து வெளியே வரும் அமெரிக்கன் அவருடைய மெட்டு ஒன்றையும் சீழ்க்கையடித்துக்கொண்டு போகவில்லை. பாட்டு தாய்மொழியின் அசைவோடு பிறப்பது. கில்பெர்ட்டின் ஜெர்மன் சொல்லும் ஹைமானின் மெட்டும் ஒன்றையொன்று அறிந்தவை. அந்த உறவு வேற்று மண்ணில் மீண்டும் அமைவது அரிது. மொழி பெயர்ந்த ஊர்களில் வாழும் நமக்கு இது விளக்கவேண்டிய செய்தி அன்று.

1941-ஆம் ஆண்டு நவம்பரில் நாஜி அரசு, வெளிநாட்டில் வாழும் யூதர் அனைவருடைய ஜெர்மன் குடியுரிமையையும் ஒரே ஆணையால் பறித்தது. போர் 1945-இல் முடிந்தபோது ஹைமான் பிறந்த நகரமும் இல்லை. 1944-இல் குண்டுவீச்சில் எரிந்த கெனிக்ஸ்பர்க்கை மறு ஆண்டில் சோவியத் படை கைப்பற்றியது. 1946-இல் அது கலினின்கிராட் என்று பெயர் மாற்றப்பட்டது. அங்கே எஞ்சிய ஜெர்மானியரும் பின்னர் வெளியேற்றப்பட்டனர். இன்று அது ரஷ்ய நாட்டு நகரம். பெயர் மாறி, மக்கள் மாறி, மொழியும் மாறிய ஊருக்கு ஒருவன் எப்படித் திரும்புவது? ஆயினும் 1951-இல் ஹைமான் ஜெர்மனிக்குத் திரும்பினார். மியூனிக் நகரில் குடியேறினார். ஊருக்குத் திரும்பவில்லை, மொழிக்குத் திரும்பினார் என்று சொல்வது பொருந்தும்.

திரும்பியவரை நாடு ஆரவாரத்தோடு வரவேற்றதா? அப்படிச் சொல்வதற்கில்லை. போருக்குப் பிந்திய மேற்கு ஜெர்மனி பழையவற்றைக் கிளற விரும்பவில்லை. நாஜி ஆட்சியில் இசையமைத்தவர்கள் புது ஆட்சியிலும் இசையமைத்துக்கொண்டிருந்தனர். ஹைமானுக்கும் சில படங்கள் வந்தன; 1952-இல் வந்த ‘அல்ரவுனே’ அவற்றுள் ஒன்று. 1955-இல் ‘பெட்ரோல் நிலையத்தின் மூவர்’ வண்ணப்படமாக மறுபடி எடுக்கப்பட்டது. முன்பு நாயகனாக நடித்த வில்லி ஃபிரிட்ஸ் இப்போது நாயகியின் தந்தையாக நடித்தார். அதே ஆண்டில் ‘காங்கிரஸ் ஆடுகிறது’ ஆஸ்திரியாவில் மறுபடி எடுக்கப்பட்டது. பழைய மெட்டுகளை மக்கள் பழைய நண்பரைப்போல எதிர்கொண்டனர். இடையில் கழிந்த ஆண்டுகளில் என்ன நடந்தது என்று எந்தப் படமும் கேட்கவில்லை. மெட்டுகளுக்குக் கிடைத்த வரவேற்பு உண்மையானது. அதனுள் இருந்த மறதியும் உண்மையானது.

1957-இல் ஹைமான் ஜெர்மன் குடியுரிமையை மீண்டும் பெற்றார். அதைப் பற்றி ஒரு நிகழ்ச்சி வழிவழியாகச் சொல்லப்படுகிறது. விண்ணப்பித்தவர் ஜெர்மன் பண்பாட்டை அறிந்தவர்தாமா என்று சோதிக்க விரும்பிய அதிகாரி, ஜெர்மன் நாட்டுப்பாடல் ஒன்றைப் பாடச் சொன்னாராம். ஹைமான் சற்றே யோசித்து, கையுறைக்காரி சாரட்டு வண்டியில் பாடிய தம் பாட்டையே பாடினாராம். அதிகாரி முகம் மலர்ந்து தலையசைத்தாராம். அவருக்கு அது தம் பாட்டனார் காலத்து நாட்டுப்பாடல்! சொல்லிச் சொல்லி மெருகேறிய கதையாக இது இருக்கலாம். இருந்தும் இதைக் கேட்போர் சிரித்துவிட்டுச் சும்மா இருந்துவிடக் கூடாது. தன் பாட்டைக் கொண்டே தான் இந்நாட்டான் என்று மெய்ப்பிக்க வேண்டிய நிலை ஒருவனுக்கு ஏன் வந்தது? பாட்டை மக்களின் சொத்து என்று ஏற்றுக்கொண்ட நாடு, பாட்டுக்கு உரியவனிடம் சான்று கேட்டது. நிகழ்ச்சி நடந்திருந்தாலும் நடவாதிருந்தாலும் அதன் உள்ளிருக்கும் உண்மை நடந்ததுதான்.

1961-ஆம் ஆண்டு மே 30-ஆம் நாள் ஹைமான் மியூனிக் நகரில் காலமானார். அவர் பெயரை அறியாத ஜெர்மானியர் உண்டு. நட்பைப் பற்றிய அந்தப் பாட்டைக் கேட்டறியாதவர் அரியர். அவரது வாழ்க்கையை நோக்கும்போது நமக்கு ஓர் உண்மை புலனாகிறது. ஒரு பண்பாட்டை ஆக்குவோர் யார் என்று முன்கூட்டியே பட்டியல் போட்டு வைக்க இயலாது. ஜெர்மன் மக்கள் தம் நெஞ்சுக்கு நெருக்கமானவை என்று கருதிய மெட்டுகளை, ஜெர்மானியரல்லர் என்று தள்ளப்பட்ட ஒருவர் அமைத்திருந்தார். தூய பண்பாடு என்ற பெயரால் அவரைத் தள்ளியவர்கள், அவர் தந்ததைத் தள்ள இயலாமல் தோற்றனர்.

பிற மாநிலங்களில் வாழும் தமிழராகிய நாம் பிழைப்பை நாடியும் பணியை நாடியும் வந்தவர்கள். ஊர் திரும்ப நமக்கு இரயில் இருக்கிறது. ஹைமானுக்குப் பதினெட்டு ஆண்டுகள் அந்த வழி அடைபட்டிருந்தது. ஆகையால் அவர் பட்டதை நாம் பட்டதாகச் சொல்லிக்கொள்வது முறையன்று. ஆனால் வந்த ஊரின் பாட்டையும் பேச்சையும் நாம் கேட்டு வளர்கிறோம். நம்முடையவற்றை அவ்வூருக்குக் கொடுக்கிறோம். நம் தெருவுக்கும் வேற்றூரிலிருந்து பலர் வந்து குடியேறுகின்றனர். அவர்களிடமிருந்து இனிய மெட்டு ஒன்று நம் செவிக்கு வருமானால், அதை ஏற்கும்போதே அதைக் கொண்டுவந்தவர் பெயரையும் கேட்டு வைத்துக்கொள்வோம். பாட்டுக்கு நாம் செலுத்தவேண்டிய கடன் அது ஒன்றுதான், செலுத்துவதும் எளிது.